பாழடைந்த மாளிகை ஏன் இழுக்கிறது?

கேள்வி: சிதிலமடைந்த பழைய மாளிகைகளில் நடக்கும் கோதிக் காதல் நாவல்களை இரவு நெடுநேரம் விழித்திருந்து வாசிக்கிறேன். “இருட்டையும் ஒட்டடையையும் படிப்பதில் என்ன சுகம்?” என்று அக்கா கேட்கிறார். இந்த ஈர்ப்பு மனச்சோர்வின் அறிகுறியா?

பதில்: நீங்கள் விரும்பிப் படித்து மகிழ்கிறீர்கள், அதை மனச்சோர்வு என்று அஞ்ச வேண்டியதில்லை. ஹொரேஸ் வால்போல் 1764-இல் வெளியிட்ட ‘ஒட்ராண்டோ கோட்டை’யில் தொடங்கும் இம்மரபில், மாளிகைக்கு உரியவன் வாய்திறந்து சொல்லாததையெல்லாம் மாளிகையே சொல்லிவிடுகிறது. புதிதாக வந்து சேரும் பெண்ணுக்கு அவனைப் பற்றி அதிகம் தெரியாது, கேட்கவும் துணிவு வருவதில்லை. ஆகவே பூட்டிய அறை, ஆள் புழங்காத மேல்தளம், எல்லோரும் தவிர்க்கும் ஒரு பெயர் என்று வீட்டைத் துருவித்தான் அவனை அறிந்துகொள்கிறாள்.

டாப்னே டு மோரியேவின் ‘ரெபேக்கா’வில் (1938) வரும் ஒரு சிறு காட்சியைப் பாருங்கள். அவசரத்தில் எடுத்து மாட்டிக்கொண்ட மழைக்கோட்டின் பைக்குள், மாளிகைக்கு உரியவனின் இரண்டாம் மனைவி ஒரு கைக்குட்டையைக் காண்கிறாள். அதில் முதல் மனைவியின் பெயரெழுத்துகள் தைக்கப்பட்டிருக்கின்றன. பேயும் வரவில்லை, அலறலும் கேட்கவில்லை. ஆனாலும் இறந்துபோனவளின் உடுப்புக்குள் அவள் நிற்கிறாள் என்பது உறைக்கும்போது நமக்கு உடல் சில்லிடுகிறது. இவளுடைய சொந்தப் பெயரோ நாவல் முழுவதிலும் நமக்குச் சொல்லப்படுவதே இல்லை.

இந்த அச்சத்தின் வேர் கற்பனையில் மட்டும் இல்லை. இங்கிலாந்தில் மணமான பெண்களின் சொத்துரிமைக்கான 1870, 1882 ஆம் ஆண்டுச் சட்டங்கள் வருவதற்கு முன், மணமான பெண்ணின் உடைமைகள் பெரும்பாலும் கணவனின் கைக்கே போயின. அந்த நிலையில் யாரை நம்பி எந்த வீட்டுக்குள் நுழைகிறோம் என்பது ஒரு பெண்ணின் வாழ்வையே தீர்மானிக்கும் கேள்வி. 1847-இல் வெளியான ‘ஜேன் அயர்’ நாவலில் மூன்றாம் தளத்திலிருந்து எழும் சிரிப்பொலி அதைத்தான் எழுப்புகிறது. நேசிப்பவரை நாம் முழுதும் அறிந்திருக்கிறோமா என்ற கலக்கம் இன்றைக்கும் யாருக்கு இல்லை? அந்தக் கலக்கத்தோடு, விளக்கை ஏந்தி அந்த அறையை நோக்கியே நடக்கும் ஒருத்தியின் பின்னால் செல்வதுதான் உங்களை இழுக்கிறது என்று நினைக்கிறேன்.

ஒன்றை மட்டும் அழுத்திச் சொல்வேன்: ஆணின் கொடுமையையே காதலின் ஆழமாகக் காட்டும் மலிவான நூல்களும் இவ்வகையில் ஏராளம்; அவற்றுக்காக உறக்கத்தை இழக்காதீர்கள். அக்காவுக்குப் பேய்க்கதை பிடிக்காதென்றால் இம்மரபின் தொடக்ககால ஆங்கில நாவலாசிரியர் ஆன் ராட்கிளிஃபை அறிமுகப்படுத்துங்கள். அமானுஷ்யமாகத் தோன்றும் நிகழ்ச்சிகளுக்கு அவர் பெரும்பாலும் இயல்பான காரணத்தைச் சொல்லிவிடுவார். ஆனால் அவருடைய ‘உடால்ஃபோ’ (1794) மிக நீளமானது. அக்காவுக்கு ‘ஜேன் அயரை’ முதலில் கொடுப்பதே நல்லது.