வாக்குரிமை: கேள்வி பதில்

கே: 1921-லேயே சென்னை மாகாணத்தில் பெண்களுக்கு ஓட்டு வந்துவிட்டதே, 1950 வரை எதற்குப் போராட்டம்?

ப: 1921-இல் எடுக்கப்பட்டது 'பெண்' என்ற தடை மட்டும்தான். சொத்துத் தகுதி அப்படியே நின்றது. பட்டா மாமனார் பெயரில், வீட்டுவரி ரசீது கணவர் பெயரில். எத்தனை பெண்கள் தேறியிருப்பார்கள்? 1935 இந்திய அரசுச் சட்டம் சொத்துள்ளவரின் மனைவிக்கும் எழுதப் படிக்கத் தெரிந்த பெண்ணுக்கும் வழிவிட்டது. வயது வந்த எல்லோருக்கும் என்று ஆனது அரசியலமைப்பின் 326-ஆம் பிரிவில்தான். அப்போதும் 1951-52 தேர்தலில் ஏறத்தாழ 28 லட்சம் பெண்கள் வாக்காளர் பட்டியலில் இல்லை. கணக்கெடுப்பவரிடம் சொந்தப் பெயரைச் சொல்லாமல் 'இன்னார் மனைவி', 'இன்னார் மகள்' என்றே பதிந்திருந்தார்கள். ராஜஸ்தானில் அவகாசம் நீட்டியும் பலர் சொல்லவில்லை. தலைமைத் தேர்தல் ஆணையர் சுகுமார் சென் அந்தப் பதிவுகளை நீக்கவைத்தார். கடுமைதான், ஆனால் சரியான முடிவு என்பேன். பெயரில்லாத வாக்காளரை வாக்குச்சாவடியில் எப்படி அடையாளம் காண்பது?

கே: வாக்காளர் அட்டை இருக்கிறது, ஓட்டுப் போட அது போதுமா?

ப: போதாது. பட்டியலில் பெயர் இருக்க வேண்டும். பெயர் இருந்து அட்டை தொலைந்திருந்தால் ஆதார், பாஸ்போர்ட், ஓட்டுநர் உரிமம் போன்ற ஒன்றைக் காட்டலாம்.

கே: இலங்கையில் 1931-லேயே எல்லோருக்கும் ஓட்டு. நம்மைவிட முன்னோடி அல்லவா?

ப: 21 வயதான ஆண், பெண் இருவருக்கும், ஆமாம். ஆனால் 1948 குடியுரிமைச் சட்டமும் 1949 தேர்தல் திருத்தமும் மலையகத் தமிழரில் (தேயிலைத் தோட்டங்களில் வேலை செய்த இந்திய வம்சாவளியினர்) மிகப் பெரும்பாலோரைப் பட்டியலிலிருந்து வெளியேற்றின.

கே: அது குடியுரிமைப் பிரச்சினை ஐயா, வாக்குரிமைப் பிரச்சினை இல்லையே?

ப: 1947-இல் ஓட்டுப் போட்டவர் 1952-இல் போட முடியவில்லை. தோட்டத்தில் அதே லயத்தில்தான் (தொழிலாளர் வரிசை வீடு) இருந்தார், அதே கொழுந்தைத்தான் பறித்தார். ஓட்டை நேரடியாகப் பிடுங்கினால் உலகம் பார்க்கும். குடியுரிமையை எடுத்துவிட்டால் ஓட்டு தானாகப் போய்விடும். 1949 திருத்தம் வாக்காளர் குடிமகனாக இருக்க வேண்டும் என்று சேர்த்தது எதற்காம்? இரண்டையும் பிரித்துப் பேசுவது வக்கீல் சாமர்த்தியம்.

கே: கல்யாணமாகி வேறு ஊர் போய்விட்டேன். புதிதாக விண்ணப்பிக்கவா?

ப: வேண்டாம், இரட்டைப் பதிவாகும். இடமாற்றத்துக்குப் படிவம் 8. படிவம் 6 முதன்முறை சேருவோருக்கு. வேட்புமனுவின் கடைசி நாளுக்குப் பின் பட்டியலில் கைவைக்க மாட்டார்கள், முன்பே செய்யுங்கள்.

கே: அட்டை மட்டும் வைத்து...

ப: மேலே பார்க்கவும்.

கே: என் ஓட்டை யாரோ போட்டுவிட்டால்?

ப: திரும்பி வராதீர்கள். தேர்தல் நடத்தை விதிகளின் 49பி (49P) விதியைச் சொல்லி, வாக்குச்சாவடித் தலைமை அலுவலரிடம் ஆய்வுக்குரிய வாக்குச்சீட்டு கேளுங்கள். இயந்திரத்தில் அல்ல, தாளில் போட்டுத் தனி உறையில் வைப்பார்கள். வழக்கமான எண்ணிக்கையில் அது சேராது, நீதிமன்றம் கேட்டால்தான் பிரிப்பார்கள். இதற்கும் பட்டியலில் பெயர் இருந்தாக வேண்டும்.