காபி டேபிளை 15 செ.மீ. உயர்த்த

சோபாவில் உட்கார்ந்து லேப்டாப் பார்க்க டேபிள் தாழ்வாக இருக்கிறது, நாலு கால்களுக்கும் கீழே 15 செ.மீ. மரக்கட்டை வைக்கலாமா என்று கேட்டிருந்தீர்கள். தனித்தனிக் கட்டையாக வைக்கவே வைக்காதீர்கள். யாராவது லேசாக இடித்தாலே ஒரு கால் நழுவிவிடும், மேலே கண்ணாடி என்றால் இன்னும் ஆபத்து.

முதலில் டேபிளைக் கவிழ்த்து, ஒரு காலைப் பிடித்துத் திருகிப் பாருங்கள். சுழன்று வெளியே வந்தால் உங்கள் வேலை பாதி முடிந்தது, காலின் மேல்முனையில் இருக்கும் திருகின் தடிமனையும் மரையையும் (திருகைச் சுற்றி ஓடும் வரிப்பள்ளம்) அளந்து (8 மி.மீ. பரவலாக இருக்கும், ஆனாலும் அளந்துவிடுங்கள்) அதே அளவில் நீளமான கால்கள் வாங்கி மாட்டிவிடலாம்.

கால் அசையவே இல்லை, பசை போட்டு ஒட்டியது என்றால் காலோடு துண்டு சேர்த்து ஒட்டாதீர்கள், மரத்தின் வெட்டுமுனையில் (குறுக்கே அறுத்த பக்கத்தில்) பசை சரியாகப் பிடிக்காது. அதற்குப் பதில் டேபிள் அளவுக்கே ஒரு மரச்சட்டம் செய்து, கால் உட்காரும் இடத்தில் 2 செ.மீ. ஆழத்துக்குக் குழி எடுத்து அதில் இறக்குங்கள், டேபிள் 15 செ.மீ. உயர, அந்த 2 செ.மீ.யைச் சேர்த்து சட்டத்தை 17 செ.மீ. உயரமாக வெட்ட வேண்டும், இதை நிறையப் பேர் மறந்துவிடுகிறார்கள்.

அப்புறம், உயரம் கூடினால் ஆட்டமும் கூடும். நீளமான கால் மாட்டினால் இரண்டிரண்டு கால்களைக் குறுக்குச் சட்டத்தால் இணைத்துவிடுங்கள்.