ஜெர்பில் பல்லை வெட்டி விடலாமுங்களா?

ஜெர்பில் என்கிற சின்ன வளர்ப்பு எலியைப் பற்றிக் கோபிச்செட்டிபாளையம் பக்கத்திலிருந்து ஒரு அம்மா கேட்டிருக்கிறார். "மகளுக்கு ரெண்டு ஜெர்பில் வாங்கிக் கொடுத்து ஒரு வருசமாகுதுங்க. அதுல ஒண்ணு ராத்திரியெல்லாம் கூண்டுக் கம்பியையே கடிச்சுட்டு இருக்குது. கீழ்ப்பல்லு ரெண்டும் நீட்டமா, மஞ்சளா இருக்குதுங்க. பல்லு வளர்ந்துட்டேதான் இருக்கும், மாசத்துக்கு ஒருக்கா நெயில் கட்டர்ல வெட்டி விடுங்கன்னு கடைக்காரர் சொல்றாரு. வெட்டலாமுங்களா? பல்லு தேச்சு விடணுமுங்களா?"

வெட்டாதீங்க. தேய்க்கவும் வேண்டாம். இந்த வாரம் நீங்கள் வாங்க வேண்டிய ஒரே பொருள் ஒரு கிராம் வரை காட்டும் சமையலறைத் தராசு. ஏன் என்று சொல்கிறேன், கொஞ்சம் நீளமாகப் போகும்.

முதலில் அந்த மஞ்சளைப் பார்த்துப் பயப்படுவதை விடுங்கள். நம் பல் மஞ்சளானால் கறை, எலியினத்தின் பல் மஞ்சளாக, சில சமயம் ஆரஞ்சாகக்கூட, இருந்தால் அது ஆரோக்கியம். பல்லின் மேற்பூச்சான எனாமலில் இரும்புச் சத்து படிந்திருப்பதால் வரும் நிறம் அது. தேய்த்தாலும் போகாது, போகவும் கூடாது. சுண்ணாம்பு போல வெளுத்து, ஓரம் உதிர்வது போலத் தெரிந்தால்தான் மருத்துவரிடம் காட்ட வேண்டும்.

நீளமும் அப்படித்தான். கீழ் வெட்டுப்பற்கள் மேல்பல்லைப் போல ஏறக்குறைய மூன்று மடங்கு நீளமாக இருப்பதுதான் இயல்பு. முதல் தடவை பார்ப்பவர் எல்லோருக்கும் அது 'ஐயோ, வளர்ந்துவிட்டதே' என்றுதான் தோன்றும். கீழ்ப்பல் இரண்டும் சில நேரம் லேசாக விரிந்து மறுபடி சேர்வதைக்கூடப் பார்க்கலாம், கீழ்த்தாடையின் இரண்டு பாதியும் நடுவில் எலும்பாக ஒட்டிப்போகாததால் அப்படி அசையும். அதுவும் கோளாறு இல்லை.

ஜெர்பிலுக்கு மொத்தம் 16 பற்கள். முன்னால் நான்கு வெட்டுப்பல், மீதி 12 கடைவாய்ப்பல். ஆயுள் முழுக்க வளர்வது அந்த நான்கு மட்டும்தான், கடைவாய்ப்பல் நம்முடையது போல ஒரு தடவை வளர்ந்து நின்றுவிடும். முயலுக்கு 28 பல்லும், கினிப்பன்றிக்கு 20 பல்லும் வளர்ந்துகொண்டே இருக்கும் என்பதால் அவற்றுக்கு நாள் முழுக்கப் புல் வேண்டும் என்பார்கள். அந்த ஆலோசனையை அப்படியே தூக்கி ஜெர்பிலுக்கு வைப்பதால் வருகிற குழப்பம் நிறைய.

சரி, வளர்கிற நான்கு பல்லை யார் தேய்த்து அளவில் வைப்பது? மரக்கட்டை என்றுதான் எல்லோரும் நினைக்கிறார்கள், கடையிலும் அதைச் சொல்லித்தான் கட்டை விற்கிறார்கள். அதில் பாதிதான் உண்மை. வெட்டுப்பல்லின் முன்பக்கத்தில் மட்டும் கெட்டியான எனாமல் உண்டு, பின்பக்கம் அதைவிட மென்மையான டென்டின், அதாவது எனாமலுக்கு உள்ளே இருக்கும் பல்பகுதி. மேல்பல்லும் கீழ்ப்பல்லும் ஒன்றோடொன்று உரசும்போது மென்மையான பக்கம் சீக்கிரம் தேய, கெட்டியான முன்விளிம்பு உளி போலக் கூராக நிற்கும். அதாவது பல்லைத் தீட்டும் கல் இன்னொரு பல்தான். ஜெர்பில் சும்மா உட்கார்ந்து மெல்லிசாகக் கறகறவென்று சத்தம் போடுவதைக் கேட்டிருப்பீர்களே, அப்போது இந்த வேலைதான் நடக்கிறது. கட்டையும் அட்டையும் உதவி செய்யும், பொழுதுபோக்கும், அவ்வளவுதான். மேலும் கீழும் நேராகச் சந்திக்காத பல் என்றால் ஒரு கொய்யா மரத்தையே தொட்டிக்குள் நட்டு வைத்தாலும் அது சரியாகாது.

இதனால்தான் நெயில் கட்டர் வேண்டாம் என்கிறேன். நன்றாகச் சந்திக்கிற பல்லை வெட்டினால் தீட்டும் கல்லை உடைத்த மாதிரி, எதிர்ப்பல் உரச ஆளில்லாமல் நீளும். சந்திக்காத பல்லை வெட்டினாலும் கட்டர் அழுத்தும்போது பல் நெடுக்காகப் பிளந்து, விரிசல் ஈறுக்குள் போய், வேரில் சீழ் கட்டலாம். தொழிலுக்கு வந்த புதிதில் நானே ஒரு ஜெர்பிலுக்கு இதைச் செய்திருக்கிறேன். அழகாக 'டிக்' என்று வெட்டுப்பட்டது, பெருமையாகக்கூட இருந்தது. பத்து நாள் கழித்து முகம் ஒரு பக்கம் வீங்கி அதைத் திரும்பக் கொண்டுவந்தார்கள். அதற்கப்புறம் கட்டரைத் தொட்டதில்லை. பல் உண்மையிலேயே வெட்ட வேண்டியதானால் சின்ன டிரில்லில் மாட்டும் பல் பர் (அரைக்கும் முனை) கொண்டு அரைத்து எடுப்பதுதான் முறை, அது மருத்துவர் கையில் நடக்க வேண்டியது.

இப்போது அந்தக் கம்பி விஷயம். எனக்கு உங்கள் கடிதத்தில் உறுத்தியது பல்லின் நீளம் அல்ல, இதுதான். பல் வளர்கிறது, அரிக்கிறது, அதனால் கம்பியைக் கடிக்கிறது என்று சொல்வார்கள். இல்லைங்க. அது தோண்ட இடமில்லாமல் கடிக்கிறது. வீட்டில் வளர்க்கிற ஜெர்பில் மங்கோலியா, வடசீனப் பக்கத்து வறண்ட மண்ணில் வளை தோண்டி வாழ்ந்த பிராணி. நம் காட்டு வரப்பில் வளை போடுகிற வெள்ளெலியும் அதற்குத் தூரத்துச் சொந்தம்தான், அது ஒரு ராத்திரியில் எவ்வளவு மண் தள்ளும் என்று உங்கள் வீட்டுப் பெரியவர்களைக் கேட்டுப் பாருங்கள். (அதற்காக வெள்ளெலியைப் பிடித்து வந்து வளர்க்க நினைக்காதீர்கள், அது வேறு கதை, நோயும் சேர்ந்து வரும்.) அப்படிப்பட்டதைத் தட்டை அடித்தளம் போட்ட கம்பிக் கூண்டில் வைத்தால் கம்பியைத்தான் பிராண்டும், கடிக்கும். கடித்து இழுக்க இழுக்க மேல்பல்லின் வேர் அடிபடும், பல் கோணலாக வளர ஆரம்பிக்கும். நல்ல பல்லோடு பிறந்ததைக் கூண்டே கெடுத்துவிடும். மூக்குக்கு மேலே முடி கொட்டிச் சிவந்திருக்கிறதா பாருங்கள், இருந்தால் ரொம்ப நாளாகக் கடிக்கிறது என்று அர்த்தம்.

ஆகவே கூண்டை மாற்றுங்கள். பழைய மீன்தொட்டி போதும், நீளம் மூன்றடி இருந்தால் நல்லது, மேலே கம்பிவலை மூடி. உள்ளே ஒரு முழங்கை ஆழம் இல்லாவிட்டாலும் 20, 25 சென்டிமீட்டருக்காவது தோண்டுவதற்குப் படுக்கை வேண்டும். கிழித்த பேப்பர், வெள்ளை டிஷ்யூ, காய்ந்த புல் மூன்றையும் கலந்து அழுத்திப் போட்டால் வளை இடியாமல் நிற்கும். திருப்பூர்ப் பக்கம் பலர் பனியன் வேஸ்ட்டைப் படுக்கையாகப் போடுகிறார்கள், மெத்தென்று இருக்கிறது, சும்மாவும் கிடைக்கிறது. தயவுசெய்து வேண்டாம். நூல் பல்லிடுக்கில் சுற்றிக்கொள்ளும், காலில் சுற்றினால் ரத்தம் ஓடாமல் விரலே போய்விடும். அந்தத் துணியில் பாதி பாலியஸ்டர் வேறு.

கடிக்க என்ன கொடுப்பது? நம் ஊரில் இதற்குக் காசே செலவழிக்க வேண்டியதில்லை. மில்லில் வேலை செய்பவர் யாராவது தெரிந்தால் சாயமோ எண்ணெயோ படாத காலி நூல் கோன் நாலு கேட்டு வாங்குங்கள், கெட்டியான அட்டை, ஒரு கோன் ஒரு ராத்திரிக்குத் தாங்காது, காலையில் பார்த்தால் மொத்தமும் தூள் தூளாகப் படுக்கையாகி இருக்கும். தேங்காய்த் தொட்டியை நார் சுரண்டி, கழுவிக் காயவைத்து, ஒரு ஓட்டை போட்டுக் கவிழ்த்து வையுங்கள், வீடும் ஆச்சு, கடிக்கவும் ஆச்சு. குச்சி என்றால் கொய்யா, மல்பெரி இரண்டும் நல்லது. கோபி, உடுமலைப் பக்கம் பட்டுப்புழு வளர்ப்பவர்கள் மல்பெரியைக் கவாத்து செய்து குச்சியை வரப்பில்தான் குவித்து வைப்பார்கள். புழு செத்துவிடும் என்பதால் கண்ட மருந்தையும் அடிக்க மாட்டார்கள், இருந்தாலும் எப்போது மருந்தடித்தீர்கள் என்று கேட்டுவிட்டு எடுங்கள். கழுவி ஒரு வாரம் வெயிலில் காயப்போட்டுக் கொடுக்கலாம். காய்ந்த சோளத்தட்டையும் ஒரு சாண் நறுக்கிப் போடலாம், ஆனால் முற்றிக் காய்ந்ததை மட்டும். இளம் பச்சைத் தட்டைத் தின்ற மாடு என்ன ஆகும் என்று உங்களுக்குச் சொல்லத் தேவையில்லை, அதே விஷம் எண்பது கிராம் பிராணிக்கு எவ்வளவு தேவைப்படும்!

அரளி வேண்டவே வேண்டாம், ஒரு குச்சி போதும் கொல்ல. எருக்கு, ஊமத்தை, கள்ளி வகையும் அப்படியே. வேப்பங்குச்சி கொடுக்கலாமா என்று மாசத்துக்கு ஒருவராவது கேட்கிறார்கள், நமக்குப் பல்லுக்கு நல்லதாச்சே என்று. நான் கொடுக்கச் சொல்வதில்லை. அதன் கசப்பு இவற்றுக்குத் தேவையும் இல்லை.

தீனியில் ஒரு விஷயம் மட்டும். கம்பு, தினை, சோளம், கொஞ்சம் கோதுமை, கூடவே நல்ல பெல்லட் (அழுத்திச் செய்த கட்டித் தீனி) என்று ஒரு நாளைக்கு ஒரு பிராணிக்கு ஒரு தேக்கரண்டி போதும். சூரியகாந்தி விதையும் நிலக்கடலையும் பிள்ளைகள் கையால் கொடுக்க ஆசைப்படுவார்கள், அவற்றில் கொழுப்பு அதிகம், சுண்ணாம்புச் சத்து குறைவு, பல்லுக்கும் எலும்புக்கும் வேண்டியது அந்தச் சுண்ணாம்புதான். நாளைக்கு ஒன்றோ இரண்டோ, அதோடு நிறுத்தச் சொல்லுங்கள். தண்ணீர் அதிகம் குடிக்காது, ஆனாலும் தினமும் புதுத் தண்ணீர் வேண்டும்.

இப்போது தராசு. வளர்ந்த ஜெர்பில் 60 முதல் 100 கிராமுக்குள் இருக்கும். ஞாயிற்றுக்கிழமை காலையில், ஒரே நேரத்தில், ஒரு பிளாஸ்டிக் டப்பாவைத் தராசில் வைத்துப் பூஜ்ஜியமாக்கி, அதை உள்ளே விட்டு எடையைப் பார்த்துக் காலண்டரில் எழுதுங்கள். இதை மகளின் வேலையாக்கிவிடுங்கள். ஒன்றிரண்டு கிராம் ஏறும் இறங்கும், அதைக் கண்டுகொள்ள வேண்டாம். 80 கிராம் இருந்தது 72க்கு வந்துவிட்டால், அதாவது பத்தில் ஒரு பங்கு குறைந்தால், அந்த வாரமே மருத்துவரைப் பாருங்கள். பல் கோளாறு உள்ள ஜெர்பில் தீனித் தட்டு முன்னால்தான் உட்கார்ந்திருக்கும், விதையை எடுக்கும், உருட்டும், கீழே போடும். பார்ப்பவருக்கு நன்றாகத் தின்பது போலவே தெரியும். தராசுக்கு மட்டும்தான் உண்மை தெரியும். தாடை ஈரமாக இருப்பது, உரித்த தோலுக்குப் பதிலாக முழு விதையாகவே மீந்து கிடப்பது, மெதுவானதை மட்டும் பொறுக்கித் தின்பது, ஒரு கண்ணில் மட்டும் நீர் வடிவது, இவையும் அடையாளங்கள். மூக்கோரம் சிவப்பாக ரத்தம் போல ஒட்டியிருந்தால் பெரும்பாலும் அது ரத்தம் இல்லை, கண்ணுக்குப் பின்னால் உள்ள சுரப்பியிலிருந்து வரும் நிறம். உருண்டு புரள ஒரு கிண்ணம் மணல் வைத்தால் குறையும், குறையாவிட்டால் காட்டுங்கள்.

பல்லைப் பார்க்க வாயைப் பிளக்காதீர்கள். கண்ணாடி டம்ளருக்குள் விட்டு, அது எம்பி நின்று ஒரு தினைக்கதிரை எட்டும்போது முன்பக்கமாகப் போனில் வீடியோ எடுத்து நிறுத்திப் பார்த்தால் போதும். மேல் இரண்டும் நேராக, கீழ் இரண்டுக்கும் முன்னால் வந்து சேர்கிறதா, ஒன்று பக்கவாட்டில் ஒதுங்குகிறதா, மேல்பல் உள்பக்கம் வளைகிறதா என்று கவனியுங்கள். வளைந்த மேல்பல் விட்டால் அண்ணத்தையே குத்தும். தூக்கும்போது வாலைப் பிடிக்க வேண்டாம், வால்தோல் உருவிக்கொண்டு வந்துவிடும், அது திரும்ப முளைக்காது. சில ஜெர்பில்களுக்குப் பயத்தில் வலிப்பு மாதிரி வரும், அப்போது கீழே விட்டு அமைதியாக இருங்கள், தானே தெளியும்.

பல் உடைந்துவிட்டால் பதற வேண்டாம், சில வாரத்தில் வளர்ந்துவிடும். அதுவரை பெல்லட்டை வெந்நீரில் ஊறவைத்தோ, கம்பு மாவை உப்பு சர்க்கரை போடாமல் கெட்டியாகக் கிண்டி ஆறவைத்தோ கொடுங்கள். எடையைத் தினமும் பாருங்கள். எதிர்ப்பல் நீளாமல் இருக்கிறதா என்பதையும். ஒரு நாள் முழுக்க எதுவும் தின்னவில்லை என்றால் அடுத்த நாள் வரை காத்திருக்காதீர்கள். வீட்டிலிருக்கும் மனித மருந்து எதையும் கரைத்துக் கொடுக்க வேண்டாம். மாட்டுக்குப் போடுகிற ஸ்ட்ரெப்டோமைசின் ஊசி ஜெர்பிலைக் கொன்றுவிடும், மாட்டு வைத்தியம் மட்டும் பார்த்துப் பழகியவரிடம் போனால் இதை நீங்களே நினைவுபடுத்துங்கள், கோபித்துக்கொண்டாலும் பரவாயில்லை.

பிறவியிலேயே பல் கோணலானதற்கு மூன்று வாரத்திலிருந்து ஆறு வாரத்துக்கு ஒருமுறை அரைத்துவிட வேண்டியிருக்கும், ஆயுள் முழுக்க. அப்படிப்பட்டதைக் குட்டி போட விடாதீர்கள். உலகத்தில் வீடுகளில் வளரும் ஜெர்பில்களில் மிகப் பெரும்பாலானவை 1935இல் பிடித்த ஒரு சிறு கூட்டத்தின் வழியில் வந்தவைதான், ஏற்கெனவே நெருங்கிய உறவுக்குள் கலந்த ரத்தம், நாமும் அதில் கோணல் பல்லைச் சேர்க்க வேண்டாம்.

மருத்துவரிடம் போகும் முன் போன் செய்து, எலியினத்துக்குப் பல் அரைப்பீர்களா, பர் இருக்கிறதா என்று கேட்டுக்கொள்ளுங்கள். இல்லை என்றால் நாமக்கல்லிலும் உடுமலையிலும் கால்நடை மருத்துவக் கல்லூரிகள் இருக்கின்றன, அங்கே விசாரிக்கலாம். மயக்க மருந்து கொடுப்பதாக இருந்தால் முந்தின இரவு பட்டினி போட வேண்டாம், நாய் பூனை போல இவை வாந்தி எடுக்காது, பட்டினிதான் ஆபத்து. அப்புறம், போகும்போது இரண்டையும் ஒரே பெட்டியில், அவற்றின் பழைய படுக்கையில் ஒரு கைப்பிடி போட்டுக் கொண்டுபோங்கள். ஒன்றை மட்டும் இரண்டு நாள் தனியாக வைத்துவிட்டுத் திரும்ப விட்டால் வாசனை மாறிப்போய், நேற்றுவரை ஒட்டிப் படுத்திருந்தது அடித்துக் கொன்றுவிடும்.