600 கல்லை எந்த நீதிமன்றம் எண்ணும்?

கேள்வி: அரச வீட்டுத்திட்டம் ஒன்றுக்கு 4,000 சீமெந்துக் கல் கொடுத்தேன். கொள்வனவுக் கட்டளை எழுத்தில் இருக்கிறது. இப்போது அலுவலகம் 600 கல் குறைவு, மிச்சமும் தரமில்லை என்று சொல்லிக் காசைத் தர மறுக்கிறது. கல் இறக்கி எட்டு மாதமாகிறது. கொழும்பில் ரிட் போட்டால் இரண்டு வழக்குத் தவணைக்குள் காசு வரும் என்கிறார் ஒருவர். போடலாமா? பாவனையாளர் அதிகார சபைக்கு எழுதினால் பலன் உண்டா?
(வாசகர், புதுக்குடியிருப்பு)

பதில்: ரிட் வேண்டாம். இரண்டு தவணை என்றவர் கொழும்பில் நீதிமன்றம் இருக்கும் புதுக்கடைக்குப் போய்வரும் பஸ் காசைத் தருவாரா என்று முதலில் கேளுங்கள்.

அரசியலமைப்பின் 140ஆம் உறுப்புரையின் கீழ் மேன்முறையீட்டு நீதிமன்றம் வழங்கும் எழுத்தாணையைத்தான் ரிட் என்கிறோம். அதிகாரி சட்டப்படி நடந்தாரா என்பதுதான் அங்கே கேள்வி. சாட்சிக்கூண்டில் யாரும் ஏறுவதில்லை. சத்தியக்கடதாசியையும் ஆவணங்களையும் பார்த்தே முடிவெடுப்பார்கள். நீங்கள் 4,000 என்று சத்தியம் செய்வீர்கள், களஞ்சியப் பொறுப்பாளர் 3,400 என்று செய்வார். குறுக்கு விசாரணை இல்லாமல் யாரை நம்புவது? தாஜுதீன் எதிர் இலங்கைத் தேயிலைச் சபை வழக்கில் (1981) சொன்னதும் இதுதான்: சங்கதிகளில் தகராறு இருந்து, சாட்சிகளை விசாரித்தே உண்மையை அறிய வேண்டுமென்றால், அதற்குரிய வழி சாதாரண வழக்கு. ஒப்பந்தக் காசு அறவிடவும் ரிட் உதவாது.

ஆகவே உங்கள் இடம் மாவட்ட நீதிமன்றம், பெரும்பாலும் முல்லைத்தீவு. அரச திணைக்களம் என்றால் சட்டமா அதிபரைப் பிரதிவாதியாக்கி, குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையின் 461ஆம் பிரிவின்படி ஒரு மாத முன்னறிவித்தல் கொடுக்க வேண்டும். சொந்தப் பெயரில் வழக்காடக்கூடிய சபை, கூட்டுத்தாபனம் என்றால் அதன் பெயரிலேயே போடலாம்.

உங்கள் கடிதத்தில் என்னைப் பயமுறுத்தியது அந்த 'எட்டு மாதம்'தான். காலாவதிச் சட்டப்படி எழுத்து ஒப்பந்தத்துக்கு ஆறு வருடம் உண்டு. ஆனால் விற்றுக் கொடுத்த பொருளின் காசுக்கு ஒரு வருடம்தான். உங்கள் கட்டளைத் துண்டு முழு ஒப்பந்தமாகுமா என்று மற்றப் பக்கம் கட்டாயம் வாதாடும். ஒரு வருடம்தான் என்று எண்ணிக்கொண்டு நடந்துகொள்ளுங்கள். அறிவித்தலுக்கே ஒரு மாதம் போய்விடும், இந்தக் கிழமையே சட்டத்தரணியைப் பாருங்கள். வசதியில்லை என்றால் சட்ட உதவி ஆணைக்குழு இருக்கிறது.

அப்புறம், அந்தக் கல் இப்போது எங்கே? களஞ்சியத்தில் கிடந்தால், இரு தரப்பும் நின்று எண்ணிப் பரிசோதிக்க வேண்டுமென்று பதிவுத்தபாலில் கேளுங்கள். சுவராக எழும்பியிருந்தால் உங்களுக்கு இன்னும் நல்லது. 1896ஆம் ஆண்டின் பொருள் விற்பனைக் கட்டளைச் சட்டப்படி, விற்றவருக்குத்தான் சொந்தம் என்பதற்கு முரணாக வாங்கியவர் பொருளைப் பாவித்தால் அதை ஏற்றுக்கொண்டதாகவே கருதப்படும். அதன்பின் அலுவலகம் தரக்குறைவுக்கு நட்டஈடு கேட்கலாம், கல்லையே நிராகரித்தோம் என்று சொல்ல முடியாது. மேசன்மார் கட்டிக்கொண்டிருந்தால் இன்றே படமெடுத்து வையுங்கள். கல் ஏற்றிய சாரதி, இறக்கிய பொடியன்மார் பெயர்களையும் எழுதி வையுங்கள், சாட்சிக்கு அவர்கள்தான் வேண்டும்.

பொருள் பெற்ற பதிவு, தரப்பரிசோதனை அறிக்கை இரண்டையும் 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் கேளுங்கள். தமிழிலேயே எழுதலாம். தருவதா இல்லையா என்று 14 வேலை நாட்களுக்குள் தீர்மானிக்க வேண்டும். பரிசோதனையே செய்யவில்லை என்று பதில் வந்தால் அந்தக் கடிதத்தைப் பத்திரமாக வையுங்கள்.

பாவனையாளர் அதிகார சபை வாங்குபவருக்கானது. இங்கே நீங்கள் விற்றவர்.

ஒன்றுக்கு மட்டும் ரிட் பொருந்தலாம். உங்களிடம் விளக்கம் கேட்காமல் கறுப்புப் பட்டியலில் சேர்த்து, இனிக் கேள்விப்பத்திரம் போட முடியாது என்று கடிதம் வந்தால், அது கல் எண்ணும் சண்டை இல்லை, அதிகாரி சட்டப்படி நடந்தாரா என்ற கேள்வி. அந்தக் கடிதம் வந்தால் தாமதிக்காமல் சட்டத்தரணியிடம் கொடுங்கள்.