வழக்கில் விடுதலையான பிறகு, ரத்தான உரக்கடை உரிமத்தைத் திரும்ப வாங்க முடியுமா?

முடியும். ஆனால் விடுதலைத் தீர்ப்பு வந்ததும் உரிமம் தானாக வந்துவிடாது. நீங்கள்தான் மனுப் போட வேண்டும். என் மாமாவுக்கு ஆற்காடு பக்கத்தில் உரக்கடை. மானிய யூரியாவை வெளியாருக்குக் கைமாற்றினார் என்று வழக்குப் போட்டார்கள், உரிமத்தையும் ரத்து செய்தார்கள். வழக்கு நிற்கவில்லை, விடுதலையானார். அப்புறம் உரிமத்துக்காக அவரோடு அலைந்தவன் நான்.

முதலில் ரத்து ஆணையை வரி வரியாகப் படியுங்கள். தீர்ப்பைவிட அதுதான் முக்கியம். வழக்குப் பதிவானது மட்டும்தான் காரணம் என்றால், விடுதலையோடு அந்தக் காரணம் போய்விட்டது. மாமாவின் ஆணையில் அதற்குக் கீழே வேறு இரண்டும் இருந்தன: இருப்புப் பதிவேடும் விற்பனை இயந்திரக் (பி.ஓ.எஸ்.) கணக்கும் ஒத்துப்போகவில்லை, விலைப் பலகை வைக்கவில்லை. குற்றவியல் நீதிமன்றம் இவற்றைத் தொடவே இல்லை. அதனால் பில் புத்தகம், பதிவேட்டு நகல் எல்லாம் வைத்து ஒவ்வொன்றுக்கும் தனியாகப் பதில் எழுதினோம்.

அடுத்தது தீர்ப்பு. நகல் மனுப் போட்டு, சான்றிட்ட நகலாகவே வாங்குங்கள். கடைசிப் பத்தியில் ‘சந்தேகத்தின் பலனை எதிரிக்கு (குற்றம் சாட்டப்பட்டவருக்கு) அளித்து’ என்று இருந்தால், இது முழு விடுதலை இல்லையே என்பார்கள் அதிகாரிகள். 2012-ல் தமிழ்நாட்டுக் காவலர் ஒருவரின் வழக்கில் உச்ச நீதிமன்றம், சாட்சிகள் பிறழ்ந்ததால் கிடைக்கும் விடுதலையும் கௌரவமான விடுதலையும் ஒன்றல்ல என்றது. அது அரசுப் பணி சம்பந்தப்பட்ட வழக்கு. ஆனாலும் உரிமக் கோப்பில் இதே வாதம் வரும்.

ஆகவே கடைசி வரியை மட்டும் காட்டாமல், உள்ளே நீதிபதி என்ன சொல்லியிருக்கிறார் என்று தேடுங்கள். மாமா வழக்கில் மகஜர் (பறிமுதலின்போது எழுதும் பதிவு) சாட்சி, மூட்டைகளை நான் எண்ணவில்லை, எழுதி வைத்திருந்த தாளில் கையெழுத்துப் போட்டேன் என்று குறுக்கு விசாரணையில் சொல்லிவிட்டார். பறிமுதலே நிரூபிக்கப்படவில்லை என்று நீதிபதி எழுதிய பத்தியை மனுவில் அப்படியே எடுத்துப் போட்டோம். கோப்பு நகர்ந்தது அந்தப் பத்தியால்தான் என்று நான் உறுதியாக நம்புகிறேன்.

பழைய வேலூர் மாவட்டத்துக்காரர்கள் இன்னொன்றும் பார்க்க வேண்டும். 2019 நவம்பரில் ராணிப்பேட்டை, திருப்பத்தூர் மாவட்டங்கள் பிரிந்தன. அதற்கு முந்தைய ஆணை என்றால், கோப்பு இப்போது எந்த மாவட்டத்தில் இருக்கிறது, யார் முடிவெடுப்பார் என்று எழுத்தில் கேட்டு வாங்குங்கள். தகவல் உரிமைச் சட்டத்தில் ஒரு மனுப் போட்டாலே போதும்.

கடையில் பூச்சி மருந்தும் விதையும் விற்றிருந்தால் அவை தனித்தனி உரிமங்கள், தனித்தனி விதிமுறைகள். பூச்சி மருந்து உரிமத்தை ரத்து செய்தால் 1968-ம் ஆண்டுச் சட்டப்படி 30 நாளுக்குள் மேல்முறையீடு செய்ய வேண்டும். தக்க காரணம் இருந்தால் தாமதத்தை மன்னிக்கலாம். வழக்கு முடியட்டும் என்று காத்திருக்கச் சொல்பவர்கள் பேச்சைத் தயவுசெய்து கேட்காதீர்கள்.

பிடித்த மூட்டைகளையும் விட்டுவிட வேண்டாம். இன்றியமையாப் பண்டங்கள் சட்டம் 6ஏ பிரிவில் பறிமுதல் ஆகியிருந்து, அந்த மீறலுக்கான வழக்கில் விடுதலையானால், சரக்கைத் திருப்பித் தர வேண்டும். தர முடியாவிட்டால் வட்டியோடு விலையைத் தர வேண்டும். 6சி பிரிவு சொல்வது இது. நிறையப் பேர் கேட்பதே இல்லை.

மனுவைக் கொடுத்து, நகலில் தேதியோடு முத்திரை வாங்கிக்கொள்ளுங்கள். பதிலே வரவில்லை என்றால் சென்னை உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு (அதிகாரிக்கு உத்தரவிடக் கோரும் மனு) போடலாம். நீதிமன்றம் பெரும்பாலும் நேராக உரிமத்தைக் கொடுக்கச் சொல்லாது, இத்தனை வாரத்துக்குள் மனுவைப் பரிசீலித்து முடிவெடு என்றுதான் சொல்லும். அப்படி ஓர் உத்தரவு கையில் இருந்தாலே பெரிய பலம். இதற்குள் உரிமக் காலமே முடிந்திருந்தால், ரத்தை நீக்கக் கோரும் மனுவோடு புதிய விண்ணப்பத்தையும் சேர்த்தே கொடுங்கள். உரிமம் கைக்கு வந்ததும் விற்பனை இயந்திரத்தில் உங்கள் கடை எண் திறந்திருக்கிறதா என்று பாருங்கள். அது முடங்கியிருந்தால் ஒரு மூட்டை யூரியாகூட விற்க முடியாது.