சுமோ வீரர்கள் ஜெயித்தாலும் ஏன் சிரிப்பதில்லை? உணர்ச்சியே இல்லாதவர்களா?

யூடியூபில் துண்டு வீடியோ பார்த்துவிட்டுக் கேட்கிறீர்கள் என்று நினைக்கிறேன். நான் டோக்கியோவில் வேலை பார்ப்பவன், அவ்வளவுதான். "நீ என்ன பெரிய மல்லனா?" என்று யாரும் சண்டைக்கு வர வேண்டாம்.

டோக்கியோவின் சுமோ அரங்கான ரியோகோக்கு அரங்குக்கு ஆபீஸ் சீனியர் கூட்டிப்போயிருந்தார். நாலு பேர் சம்மணமிட்டு உட்காரும் கட்டம். கால் மரத்தே போய்விட்டது. அன்று ஓர் இளம் வீரர் யோகோசுனாவையே, அதாவது உச்சப் பட்டம் பெற்றவரையே, மேடையிலிருந்து கீழே தள்ளிவிட்டார். கூட்டத்துக்கு வெறி பிடித்துவிட்டது. உட்கார்ந்திருந்த மெத்தைகளை உருவி வீசுகிறார்கள். வீசாதீர்கள் என்று மைக்கில் கத்தினால் யார் கேட்கிறார்கள்? ஒன்று சீனியரின் சாப்பாட்டுப் பெட்டியில் வந்து விழுந்தது. ஜெயித்தவரோ தோற்றவருக்குத் தலைகுனிந்தார், குத்தவைத்து உட்கார்ந்து, காற்றில் கையால் வெட்டிக் காட்டிவிட்டுப் பரிசுக் கவர்களை வாங்கினார். முகத்தில் ஒன்றுமில்லை. வயிறு மட்டும் ஏறி இறங்கியது.

மேடையில் காட்டக் கூடாது, விஷயம் அதுதான். அந்தக் களிமண் மேடை அவர்களுக்குச் சாமி இடம். ஒவ்வொரு தொடருக்கும் புதிதாகக் கட்டி, நடுவில் அரிசி, உப்பு, காய்ந்த கணவாய் எல்லாம் புதைத்துப் பூசை போடுவார்கள். அங்கே தோற்றவன் எதிரில் நிற்கும்போது குதித்தால் மரியாதைக் குறைவு.

2009இல் அசஷோரியூ என்ற யோகோசுனா ஜெயித்த வேகத்தில் இரண்டு கையையும் தூக்கிவிட்டார், பெரிய ரகளையானது. 2017இல் ஹகுஹோ என்ற இன்னொரு யோகோசுனா கூட்டத்தை 'பன்சாய்' (நம்ம ஊர் 'வாழ்க' மாதிரி) கோஷம் போட வைத்ததற்கு எச்சரிக்கை வாங்கினார். இருவரும் மங்கோலியாவில் பிறந்தவர்கள். அதனால்தான் திட்டினார்கள் என்று நான் சொல்லவில்லை. உள்ளூர்க்காரர் செய்தாலும் திட்டு விழும். ஆனால் இங்கே வாடகைக்கு வீடு தேடிப் பார்த்தவனுக்குச் சந்தேகம் வரத்தான் செய்யும். சம்பளச் சீட்டு, ஜாமீன் எல்லாம் கொடுத்த பிறகு, "ஓனர் வெளிநாட்டவருக்குத் தருவதில்லை" என்று புரோக்கர் இடுப்பு வளையக் குனிந்து சொன்னார். அந்தக் குனிதலைப் பார்த்தால் கோபப்படவும் முடியாது, அதுதான் கொடுமை.

சரி, உங்கள் கேள்விக்கு வருகிறேன். 2021 ஜூலை, நகோயா. ஹகுஹோ ஆடிய கடைசித் தொடர். முழங்கால் அறுவை சிகிச்சை முடிந்து வந்தவர், 15 நாளும் ஜெயித்து 45ஆவது கோப்பையை எடுத்தார். கடைசி ஆட்டம் முடிந்ததும் முஷ்டியை மடக்கி ஒரு கர்ஜனை விட்டார். அதற்கும் கண்டனம் வந்தது. அந்த வீடியோவைத் தேடிப் பாருங்கள்.