கரோலின் செகெர் எப்படி நாட்டுக்காக 240 ஆட்டங்கள் ஆடினார்?

ஸ்வீடன் பெண்கள் கால்பந்து அணிக்காக 2005-இல் களமிறங்கிய நடுக்கள வீராங்கனை கரோலின் செகெர். 240 சர்வதேச ஆட்டங்கள் என்பது ஐரோப்பியச் சாதனை, ஆண்களையும் சேர்த்து. 2024-இல் ஓய்வு பெற்றார்.

நடுக்கள வீரர் என்பவர் தடுப்பாளர்களுக்கும் கோல் அடிப்பவர்களுக்கும் இடையில் நின்று ஒருவரிடமிருந்து பந்தைப் பெற்று இன்னொருவருக்குக் கடத்துபவர். கல்யாணப் பந்தியை மேற்பார்க்கும் பெரியவர் மாதிரி: அவர் பரிமாறுவதில்லை, ஆனால் எந்த இலையில் என்ன இல்லை என்று அவருக்குத்தான் தெரியும். இந்த இடத்துக்கு வேகத்தைவிட கணிப்பு முக்கியம் என்பதால், வயது கூடினாலும் தாக்குப்பிடிக்கலாம். இன்னொரு காரணத்தைப் பலர் கவனிப்பதில்லை. ஆண்கள் ஒலிம்பிக் கால்பந்தில் 23 வயது வரம்பு உண்டு, மூன்று பேருக்கு மட்டுமே விலக்கு. பெண்களுக்கு அந்த வரம்பே இல்லை. ஆக உலகக் கோப்பை, யூரோவுடன் (ஐரோப்பிய நாடுகளின் போட்டி) ஒலிம்பிக்கிலும் முழு தேசிய அணியே ஆடும்; ஆட்ட எண்ணிக்கையும் கூடும்.

கிளப் அளவில் லின்ஷோப்பிங், பாரிஸின் பிஎஸ்ஜி, லியோன், ரோசன்கோர்ட் என நீண்ட பயணம். ஒலிம்பிக்கில் இரண்டு வெள்ளி (2016, 2020). தங்கம் மட்டும் அமையவில்லை.

டோக்கியோ (2020) ஒலிம்பிக் இறுதியில் கனடாவுக்கு எதிராக, சமநிலையை முறிக்க மாறி மாறி உதைக்கும் பெனால்டி ஷூட்-அவுட்டில், அடித்தால் தங்கம் என்ற ஐந்தாவது உதையை அவர் கம்பத்துக்கு மேலே அனுப்பினார். அதனால் 'அவர்தான் தோற்கடித்தார்' என்பார்கள். ஆனால் அவருக்கு முன்பே இரண்டு ஸ்வீடன் வீராங்கனைகளும், பின்னர் ஒருவரும் கோல் போடத் தவறினார்கள்.